ரயில் கடந்து முடியும்வரை

ஒரு காட்சி திரையில் எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்பதை யார் தீர்மானிக்கிறார்கள்? நாம் பார்த்து வளர்ந்த சினிமாவில் அதைக் கதை தீர்மானிக்கும். வசனம் முடிந்தால், முகம் மாறினால், கத்தரி விழுந்துவிடும். அமெரிக்கரான ஜேம்ஸ் பென்னிங் 2007இல் எடுத்த 'ஆர்ஆர்' என்ற படத்தில் அந்த அதிகாரம் சரக்கு ரயிலிடம் இருக்கிறது. அமெரிக்க லெவல் கிராசிங் பலகைகளில் காணப்படும் இரண்டு எழுத்துகள்தாம் படத்தின் பெயர். கேமரா ஓரிடத்தில் ஊன்றி நிற்கிறது. ரயில் சட்டகத்துக்குள் நுழைகிறது. கடைசிப் பெட்டி வெளியேறியதும் காட்சி முடிகிறது. இப்படி 43 ரயில்கள், 111 நிமிடங்கள். வர்ணனைக் குரல் கிடையாது, பேட்டி கிடையாது.

இதில் பார்க்க என்ன இருக்கிறது என்று கேட்பவர்களிடம், ரயில் வருவதற்கு முந்தைய சில நொடிகளைப் பாருங்கள் என்றுதான் சொல்வேன். ரயில் வரப்போகிறது என்பது தெரியும். எந்தப் பக்கத்திலிருந்து என்பது தெரியாது. சில இடங்களில் தண்டவாளமே கண்ணுக்குத் தெரியாது. புல்வெளிக்கு அப்பாலா, குன்றின் அடிவாரத்திலா, மரங்களுக்குப் பின்னாலா என்று கண் தேடத் தொடங்கிவிடுகிறது. அப்படித் தேடும் சாக்கில் நிலத்தின் மேடு பள்ளம், மரங்களின் வரிசை, வெயில் விழும் பக்கம் எல்லாம் மனத்தில் பதிகின்றன. நிலத்தைப் பார் என்று யாரும் சொல்லவில்லை, ஆனாலும் பார்த்துவிடுகிறோம்.

ரயில் வந்ததும் பார்வை மாறுகிறது. அமெரிக்கச் சரக்கு ரயில்கள் ஒரு மைலையும் தாண்டி நீளக்கூடியவை. பெட்டிகளுக்கு இடையிலுள்ள சந்துகளில் பின்னணி நிலம் துணுக்குத் துணுக்காக மின்னுகிறது. மலைக்கும் நமக்கும் நடுவே இரும்பு ஓடிக்கொண்டிருக்கிறது. கடைசிப் பெட்டி போனபின், முதலில் பார்த்த அதே வெளி திரும்பக் கிடைக்கிறது. ஆனால் அது இப்போது காலியாகத் தெரிகிறது. ரயில் வருமுன் அது அப்படித் தெரியவில்லை. ஓர் இடம் எப்போது வெறுமையாகிறது என்பதை இவ்வளவு எளிய வழியில் காட்டிய படம் எனக்கு வேறு நினைவில் இல்லை.

சில ரயில்களின் மேல் வேறு ஒலிகளும் ஏறிவருகின்றன. வுடி கத்ரியின் பாட்டு, பேஸ்பால் வர்ணனை, 1961 ஜனவரியில் ஐசன்ஹோவர் பதவியிலிருந்து விடைபெற்று ஆற்றிய உரை. ராணுவமும் ஆயுதத் தொழிலும் கைகோத்துப் பெறும் செல்வாக்கைக் குறித்து நாட்டை எச்சரித்த உரை அது. பெட்டிகளில் போவதோ நிலக்கரி, எண்ணெய், ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய கன்டெய்னர்கள். இந்தப் படம் மிகைநுகர்வைப் பற்றியதும்கூட என்று பென்னிங் சொல்லியிருக்கிறார். படத்துக்குள் அதை எங்கும் சொல்லவில்லை; ரயிலின் நீளம் சொல்கிறது. ஒரு நாடு எவ்வளவு வாங்கித் தீர்க்கிறது என்பதைப் புள்ளிவிவரமாகக் கேட்டால் மறுநாள் மறந்துபோகும். இந்த ரயில் இன்னும் முடியவில்லையே என்று காத்திருந்து அறிந்தால் அந்த அளவு உடம்பில் தங்கிவிடும்.

பென்னிங் 1942இல் விஸ்கான்சின் மாநிலத்தின் மில்வாக்கியில் பிறந்தார். தொழிற்சாலைகளின் ஊர், உழைக்கும் வர்க்கத்துக் குடும்பம். முதலில் படித்தது கணிதம். பிறகுதான் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் திரைப்படம் படித்தார். 1987 முதல் கலிஃபோர்னியா கலைக் கல்லூரியான கால்ஆர்ட்ஸில் கற்பித்துவருகிறார். அங்கே அவர் நடத்திய ஒரு வகுப்பின் பெயர் 'பார்த்தலும் கேட்டலும்'. மாணவர்களை எண்ணெய்க் கிணறுகள் இருக்கும் வெளிகளுக்கும் நகரத்து மூலைகளுக்கும் கூட்டிப்போய்ப் பார்க்கவும் கேட்கவும் விட்டுவிடுவார். அரை நூற்றாண்டாகப் படமெடுக்கும் இவருக்குப் படப்பிடிப்புக் குழு என்று ஒன்று கிடையாது. காரோட்டுவது, இடம் தேடுவது, கேமரா, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு எல்லாம் பெரும்பாலும் அவர் ஒருவரே.

கணிதம் படித்தவர் என்பதை அவருடைய எல்லாப் படங்களும் சொல்லும். நிலக்காட்சி என்பது காலத்தின் சார்பு என்று அவர் சொல்வதுண்டு. கணிதத்தில் ஒரு மதிப்பை மாற்றினால் அதைச் சார்ந்திருக்கும் இன்னொன்றும் மாறுமே, அந்தப் பொருளில். காலத்தை மாற்றினால் நிலம் மாறும். ஆகவே நிலத்தைக் காட்ட விரும்புகிறவர் முதலில் காலத்துக்கு ஓர் அளவுகோல் வைத்துக்கொள்ள வேண்டும்.

பிலிம் இருந்த நாட்களில் அந்த அளவுகோல் சுருளிலேயே இருந்தது. 16 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 40 படங்கள். நொடிக்கு 24 படங்கள் ஓடினால் நூறு அடிச் சுருள் ஏறத்தாழ இரண்டே முக்கால் நிமிடத்தில் தீரும். நானூறு அடிச் சுருள் பதினோரு நிமிடத்தில். பென்னிங் இந்த வரம்பைத் தடையாகக் கருதவில்லை, யாப்பாக எடுத்துக்கொண்டார். 'எல் வேலி சென்ட்ரோ', 'லாஸ்', 'சோகோபி' என்று கலிஃபோர்னியாவைப் பற்றி மூன்று படங்கள் எடுத்தார். மூன்றிலும் படத்துக்கு 35 காட்சிகள், ஒவ்வொன்றும் இரண்டரை நிமிடம். நானூறு அடிச் சுருளைக் கொண்டு 2004இல் '13 லேக்ஸ்', 'டென் ஸ்கைஸ்' என்று இரண்டு படங்களை முடித்தார். பதின்மூன்று ஏரிகள், பத்து வானங்கள். ஒவ்வொன்றுக்கும் பத்து நிமிடம். அவரைப் பார்க்கத் தொடங்கும் யாரும் கடைசியில் வந்துசேரும் இடம் இந்த இரண்டும்தான். எனக்கு ஏரிகளின் மேல்தான் கூடுதல் பிரியம்.

ஏரிப் படத்தின் அமைப்பை ஒரு வரியில் சொல்லிவிடலாம். கேமரா அசையாது. தொடுவானம் சட்டகத்தின் நட்டநடுவில் இருக்கும். மேல்பாதி வானம், கீழ்ப்பாதி நீர். பத்து நிமிடம் கழித்து இருட்டு, பிறகு அடுத்த ஏரி. வயோமிங்கின் ஜாக்சன் ஏரியில் தொடங்கி, மெயின், கலிஃபோர்னியா, மினசோட்டா, ஃபுளோரிடா, லூசியானா, யூட்டா, அலாஸ்கா என்று நாட்டைக் குறுக்கும் நெடுக்குமாகக் கடந்து நியூயார்க் மாநிலத்தின் ஒனைடா ஏரியில் முடிகிறது. 2014இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இதைச் சேர்த்தார்கள். ஹாலிவுட்டின் புகழ்பெற்ற படங்கள் இருக்கும் அதே பட்டியல்.

தொடுவானத்தை நடுவில் வைக்காதே என்பது புகைப்படக் கலை கற்போருக்கு முதல் நாளே சொல்லப்படும் விதி. படம் இரண்டாகப் பிளந்து உயிரற்றுப்போகும் என்பார்கள். பென்னிங் அந்தப் பிளவையே விரும்பி எடுத்துக்கொள்கிறார். எல்லா ஏரிக்கும் அமைப்பு ஒன்றே என்றாகிவிட்டால் அமைப்பின் அழகை ரசிக்கும் வேலை நமக்கு இல்லை. வேற்றுமை எங்கே என்று பார்ப்பதுதான் மிச்சம். ஒரே ராகத்தைப் பலர் பாடக் கேட்கும்போது காது எப்படிக் கூர்மையாகுமோ அப்படிக் கண் கூர்மையாகிறது. நீரின் தோல் ஓரிடத்தில் சுருங்கி இன்னோரிடத்தில் வழுவழுவென்று கிடப்பது தெரிகிறது. காற்று எந்தத் திசையிலிருந்து வருகிறது என்பது அலையின் சாய்வில் தெரிகிறது. வானத்தின் நிறமும் நீரின் நிறமும் ஒன்றுபோலத் தோன்றினாலும் ஒன்றல்ல என்பது மூன்றாவது, நான்காவது நிமிடத்தில் தெரியவருகிறது.

தென் கலிஃபோர்னியாவின் சால்டன் கடல் வரும்போது நிலைமை வேறு. ஜெட் ஸ்கீ வண்டிகள் நீரைக் கிழித்துக்கொண்டு இப்படியும் அப்படியும் பறக்கின்றன, இரைச்சல். அமைதிக்குப் பழகிய மனம் முதலில் எரிச்சலடைகிறது. இவர்கள் எப்போது போவார்கள் என்று காத்திருக்கிறோம். அந்தக் காத்திருப்பில் ஒன்று புலப்படும். கோபப்பட நமக்கு உரிமை இல்லை. இந்த ஏரியே மனிதர்களின் பிழையில் பிறந்தது. 1905இல் கொலராடோ ஆறு பாசனக் கால்வாயை உடைத்துக்கொண்டு பாலைநிலப் பள்ளத்துக்குள் பாய்ந்தது. இரண்டு ஆண்டுகள் பாய்ந்து நிரப்பிய நீர்தான் சால்டன் கடல். படத்தில் வரும் பவல் ஏரியும் இயற்கை ஏரியல்ல, கிளென் கேன்யன் அணையின் நீர்த்தேக்கம். ஆரெகனின் கிரேட்டர் ஏரியோ ஏறத்தாழ 7,700 ஆண்டுகளுக்குமுன் ஓர் எரிமலை வெடித்து உள்ளிறங்கியதால் உண்டான கிண்ணம். நூறாண்டு வயதுக்கும் ஏழாயிரம் ஆண்டு வயதுக்கும் ஒரே பத்து நிமிடம்தான் அளந்து தரப்படுகிறது. இந்தச் சமன் எனக்கு மிகவும் பிடித்தது. மூத்ததற்கு மரியாதை அதிகம், இளையதற்குக் குறைவு என்ற பேச்சே இல்லை.

லூசியானாவின் பான்சர்ட்ரெய்ன் ஏரியில் நீருக்கும் வானத்துக்கும் நடுவே பாலம் ஓடுகிறது. ஏறத்தாழ 38 கிலோமீட்டர் நீளமுள்ள பாலம் அது. கார்கள் ஓயாமல் போய்க்கொண்டிருக்கின்றன. தொடுவானம் என்று மற்ற ஏரிகளில் நாம் பார்த்துவந்த கோட்டை இங்கே மனிதர்கள் கட்டியெழுப்பியிருக்கிறார்கள்! அதற்குமுன் பார்த்த ஏரிகள் இல்லாமல் இதை மட்டும் தனியே காட்டியிருந்தால் வெறும் பாலம்தான். வரிசையில் வரும்போது அது தொடுவானத்தின் இடத்தைப் பிடித்துக்கொண்ட பாலம்.

கிரேட்டர் ஏரி இந்தப் படத்தின் சிகரம். நீர் அவ்வளவு அசையாமல் கிடக்கிறது. எரிமலைக் கிண்ணத்தின் விளிம்பு நீரில் தலைகீழாக விழுந்து, மேலெது கீழெது என்று சொல்ல முடியாத அளவுக்குப் பொருந்திவிடுகிறது. கண்ணை உறுத்துவது எதுவும் இல்லை. அப்போது எங்கிருந்தோ துப்பாக்கிச் சத்தம் கேட்கிறது. சுடுபவர் யார், எதைச் சுடுகிறார், எவ்வளவு தொலைவில் இருக்கிறார், ஒன்றும் தெரியாது. நீரில் ஒரு சுருக்கமும் விழுவதில்லை. படத்தில் ஓர் அணுவும் மாறவில்லை. ஆனால் நாம் பார்த்துக்கொண்டிருந்த காட்சி முன்னைப்போல் இல்லை. அழகு அஞ்சலட்டைத்தனமாக உறைந்துபோகவிருந்த நேரத்தில் அந்த ஒலி அதை உலகத்தோடு சேர்த்துக் கட்டிவிடுகிறது. சட்டகத்துக்கு வெளியே மனிதர்கள் இருக்கிறார்கள், எப்போதும் இருக்கிறார்கள் என்பதைப் பென்னிங் பெரும்பாலும் காதுவழியாகத்தான் சொல்கிறார். பத்து வானங்களிலும் இப்படித்தான். கண்ணுக்கு மேகம் மட்டும். மண் தெரிவதே இல்லை. காதில் விழும் ஒலிகளிலிருந்து அந்த வானத்துக்குக் கீழே என்ன மாதிரி நிலம் இருக்கிறது, அங்கே என்ன வேலை நடக்கிறது என்று நாமே கட்டிக்கொள்கிறோம்.

தொல்காப்பியம் முதற்பொருள் என்று சொல்வது நிலத்தையும் பொழுதையும் சேர்த்து. பொழுதில்லாத நிலம் அந்த மரபில் கிடையாது. பெரும்பொழுதும் சிறுபொழுதும் கூடினால்தான் ஓரிடம் கவிதைக்குள் வரும். பென்னிங்கைப் பார்க்கும் தமிழ் வாசகருக்கு இந்த வரையறை துணைக்கு வருவது இயல்பு. வேறுபாடும் அதே இடத்தில் தெரியும். நம் அகப்பாடல்களில் நிலமும் பொழுதும் கருப்பொருளும் சேர்ந்து ஒரு மனத்தின் நிலையை நோக்கிப் போகின்றன. பென்னிங் நிலத்தையும் பொழுதையும் தருகிறார், ரயிலையும் ஜெட் ஸ்கீயையும் துப்பாக்கியையும் தருகிறார், உரிப்பொருளைத் தருவதில்லை. அந்த இடத்தைக் காலியாக விட்டுவிடுகிறார். பார்ப்பவர் தம்முடையதைக் கொண்டுவந்து வைக்க வேண்டும்.

காலியாக விட்டார் என்பதால் கருத்து இல்லாதவர் என்று நினைத்துவிடக் கூடாது. கலிஃபோர்னிய முத்தொகுப்பின் முதல் படமான 'எல் வேலி சென்ட்ரோ', பெர்ரியஸ்ஸா ஏரியின் வழிந்தோடியில் தொடங்குகிறது. அணைக்கருகே நீருக்கு நடுவில் வட்டமான பெரிய வாய். ஏரி நிரம்பினால் உபரி நீர் அதற்குள் விழுந்து மறையும். ஏரியில் ஒரு துளை விழுந்ததுபோல் நீர் எல்லாப் பக்கமிருந்தும் உள்ளே சுருண்டு இறங்கிக்கொண்டிருக்கும். இரண்டரை நிமிடமும் விளக்கம் இல்லாமல் அதைப் பார்க்கிறோம். தொடர்ந்து நடுப்பள்ளத்தாக்கின் வயல்கள், மருந்து தெளிக்கும் விமானம், சரக்கு ரயில், வேலையாட்கள். எல்லாம் முடிந்தபின் வரும் எழுத்தில் ஒவ்வொரு காட்சியும் என்ன, எங்கே எடுத்தது, யாருக்குச் சொந்தம் என்று வரிசையாக வருகிறது. பெருநிறுவனங்களின் பெயர்கள், ரயில் கம்பெனிகள், எண்ணெய்க் கம்பெனிகள். ஒன்றரை மணி நேரம் நிலம் என்று நாம் பார்த்ததெல்லாம் யாரோ ஒருவரின் சொத்து. படத்தின் மிகக் கூரிய அரசியல் அந்தப் பட்டியலில் இருக்கிறது. அதை முதலிலேயே போட்டிருந்தால் ஒவ்வொரு காட்சியும் குற்றச்சாட்டுக்கான சான்றாகச் சுருங்கியிருக்கும். முதலில் பார்க்கவிட்டு, பிறகு பத்திரத்தைக் காட்டுவதால் நிலமும் குறையவில்லை, உண்மையும் குறையவில்லை. மூன்றாவது படம் முடியும்போது அதே வழிந்தோடிக்குத் திரும்புகிறார். தண்ணீரின் வழியைத் தொடர்ந்து போனால் கலிஃபோர்னியாவின் வயலும் நகரமும் காடும் ஒன்றோடொன்று கோத்திருப்பது தெரியும் என்பது அந்த மூன்று படங்களின் உள்நூல்.

'ஆர்ஆர்' படத்தோடு பிலிமை விட்டு டிஜிட்டலுக்கு மாறினார். முதல் டிஜிட்டல் படம் 2009இல் வந்த 'ரூர்', ஜெர்மனியின் பழைய நிலக்கரி-எஃகு வட்டாரத்தைப் பற்றியது. இரண்டு மணி நேரம், ஏழே காட்சிகள். அவற்றில் ஒன்றுக்காக மட்டுமே இந்தப் படத்தைத் தேடிப் பார்க்கலாம். டுசல்டார்ஃப் விமான நிலையத்தை ஒட்டிய காடு. இலையுதிர்த்து நிற்கும் மெலிந்த மரங்கள், மேலே வானம். விமானம் ஒன்று மரங்களுக்கு மேலே தாழப் பறந்து போகிறது. இரைச்சல் வந்து அடங்குகிறது. மரங்கள் அசையவில்லை. சரி, முடிந்தது என்று நினைக்கிறோம். சில நொடிகள் கழித்து, விமானம் எங்கோ போய்விட்ட பிறகு, கிளைகள் தாமாக அதிர்கின்றன; எஞ்சியிருந்த இலைகள் கலைந்து உதிர்கின்றன. பிறகு அமைதி. அடுத்த விமானம்.

காரணம் எளிய இயற்பியல்தான். விமானத்தின் இறக்கை நுனிகளிலிருந்து கிளம்பும் காற்றுச்சுழல் மெல்லக் கீழிறங்கி மரங்களைத் தொடச் சில நொடிகள் ஆகின்றன. காட்சி சில நொடிகளில் வெட்டப்பட்டிருந்தால் விமானம் இருக்கும், இலை இருக்காது. இன்னும் கொஞ்சம் நீண்டிருந்தால் இலை இருக்கும், அதற்கும் விமானத்துக்கும் தொடர்பு இருப்பது தெரியாது. இரண்டாவது, மூன்றாவது விமானம் வந்தால்தான் ஒன்று மற்றொன்றின் விளைவு என்று பிடிபடும். பிடிபட்ட பிறகு பார்வையே மாறிவிடுகிறது. விமானம் போனதும் மூச்சைப் பிடித்துக்கொண்டு இலைகளுக்காகக் காத்திருக்கிறோம். ஒரு வட்டாரத்தின் தொழில்மயத்தைப் பற்றி எத்தனையோ சொல்லலாம்: கடந்துபோகிறவர்களுக்குத் தெரிவதில்லை, அவர்கள் போன பின்னால்தான் விளைவு வந்து சேர்கிறது, அப்போது காரணம் கண்ணில் இல்லை. பென்னிங் இதில் எதையும் சொல்லவில்லை. மரத்தடியில் கேமராவை வைத்துவிட்டுக் காத்திருந்தார்.

அதே படத்தின் பின்பாதி முழுக்க ஒரே காட்சி, ஒரு மணி நேரம். டியூஸ்பர்க்கின் ஷ்வெல்கர்ன் கல்கரி ஆலையில் உள்ள குளிர்விப்புக் கோபுரம். அடுப்பிலிருந்து தள்ளப்பட்ட செந்தணலான கல்கரியின் மேல் நீரைக் கொட்டும்போது வெள்ளை ஆவி குபீரென்று கிளம்பி, கோபுரத்தையே விழுங்கி, மெல்லக் கலைகிறது. சில நிமிடங்கள் ஒன்றுமில்லை. மறுபடி ஆவி. பொழுது சாய்ந்துகொண்டே வருகிறது. ஆலையின் சுற்று ஒரு கடிகாரம், சூரியன் இன்னொரு கடிகாரம். இரண்டும் ஒரே சட்டகத்தில் தத்தம் வேகத்தில் ஓடுகின்றன. டிஜிட்டலில் சுருள் தீருவதில்லை. சுருளின் கட்டுப்பாடு போனபின் அவர் வேறு கட்டுப்பாட்டைத் தேட வேண்டியிருந்தது. இங்கே கோபுரமும் அந்தியும் அதைக் கொடுத்தன. 2011இல் வந்த 'நைட்ஃபால்' படத்தில் காட்டுக்குள் பகல் முற்றாக அணையும்வரை 98 நிமிடம் ஒரே காட்சி. பொறுமையின் எல்லையை அது தொடுவதை மறுக்க மாட்டேன். சுருள் என்ற சிறு வேலி இருந்த காலத்துப் படங்களில் இருக்கும் இறுக்கம் அதில் எனக்குக் கிடைக்கவில்லை.

காலத்தை அளக்கத் தெரிந்தவருக்கு அதை மடக்கவும் தெரியும். ராபர்ட் ஸ்மித்சன் 1970இல் யூட்டாவின் பெரும் உப்பேரியில் கருங்கல்லையும் மண்ணையும் கொட்டி, ஏறத்தாழ 460 மீட்டர் நீளத்துக்குச் சுருள் வடிவக் கரை ஒன்றை அமைத்தார். 'ஸ்பைரல் ஜெட்டி' என்று உலகப் புகழ்பெற்ற நிலக்கலைப் படைப்பு. ஏரியின் மட்டம் ஏறியதால் அது பல பத்தாண்டுகள் நீருக்குள் மூழ்கிக்கிடந்து பின்னர் வெளிப்பட்டது. ஸ்மித்சன் 1973இல் விமான விபத்தில் இறந்துபோனார். பென்னிங் 2007இல் எடுத்த 'காஸ்டிங் எ கிளான்ஸ்' இந்தக் கரையைப் பற்றியது. திரையில் தேதிகள் வருகின்றன: 1970இல் தொடங்கி, ஆண்டுகள் நகர்ந்து, 2007 வரை. நீர் ஏறுகிறது, கரை மறைகிறது, உப்பு பூத்து வெள்ளையாக மீண்டும் தெரிகிறது. ஒரு மனிதர் முப்பத்தேழு ஆண்டுகள் வந்து வந்து எடுத்த நாட்குறிப்பு என்றுதான் நம்புவோம். உண்மையில் எல்லாம் 2005க்கும் 2007க்கும் இடையில் எடுத்தவை. ஏரி மட்டத்தின் வரலாற்றுக் கணக்கைப் பார்த்து, எந்த ஆண்டில் நீர் எந்த உயரத்தில் இருந்ததோ அதற்குப் பொருத்தமான காட்சியைத் தேர்ந்து அந்தத் தேதியைக் கொடுத்திருக்கிறார்.

ஆவணப்படத்தில் இது செய்யலாமா என்று கேட்பது நியாயம். எனக்கு இதில் ஏமாற்று தெரியவில்லை. இரண்டு ஆண்டுகளுக்குள் ஓர் ஏரி முப்பத்தேழு ஆண்டுகளின் முகங்களைக் காட்டிவிட முடிகிறது என்பதே இந்தப் படத்தின் கண்டுபிடிப்பு. காலம் நேர்கோட்டில் போவதாக நாம் தேதி போட்டு எழுதுகிறோம். ஏரிக்கு அந்தத் தேதிகள் தெரியாது. மழையும் வெயிலும்தான் தெரியும்.

இதற்கு நேர்மாறான சோதனையும் செய்திருக்கிறார். 1977இல் மில்வாக்கியின் தொழிற்சாலைப் பகுதியில் 'ஒன் வே பூகி வூகி' என்று அறுபது காட்சிகள், ஒவ்வொன்றும் ஒரு நிமிடம். புகைபோக்கி, செங்கல் சுவர், காலித் தெரு. இடையில் குறும்புத்தனமான சிறு நிகழ்வுகள். 27 ஆண்டுகள் கழித்து அதே இடங்களுக்குப் போய், அதே மனிதர்களில் கிடைத்தவர்களைக் கொண்டு, அறுபதையும் மறுபடி எடுத்தார். சில கட்டடங்கள் இருந்த இடமே தெரியவில்லை. ஆனால் ஒலிக்கு 1977இன் ஒலியையே வைத்துவிட்டார். ஆலை இருந்த இடத்தில் வெற்றுமனை. காதில் அந்த ஆலைக் காலத்துச் சத்தம் அப்படியே கேட்கிறது. சொந்த ஊரின் தொழில் அழிந்ததைப் பற்றி ஒருவர் இதைவிடக் கட்டுப்பாட்டோடு துக்கம் காத்துவிட முடியாது.

யூட்டாவைப் பற்றிய 'டெசரெட்' படத்தில் ஒரு வாக்கியத்துக்கு ஒரு காட்சி. நியூயார்க் டைம்ஸ் 1852 முதல் 1992 வரை அம்மாநிலத்தைப் பற்றி வெளியிட்ட 93 செய்திகளைச் சுருக்கி வாசிக்க, வாக்கியம் முடியும்போது காட்சியும் முடிகிறது. பத்திரிகை வாக்கியங்கள் காலப்போக்கில் குறுகியதால் படமும் தானாக வேகம் பிடிக்கிறது. நூற்று நாற்பது ஆண்டுக்கால இதழியல் நடை நிலக்காட்சியின் நாடித்துடிப்பாக மாறுவதைக் கேட்டு மகிழ்ந்தேன். 2011இல் வந்த 'ட்வென்டி சிகரெட்ஸ்' படத்தில் அளவுகோல் சிகரெட். இருபது பேர், ஆளுக்கொரு சிகரெட். பற்றவைத்ததில் தொடங்கி அணைக்கும்வரை ஒருவர் முகம். முதல் சில இழுப்புகளில் கேமராவின் நினைப்பு அவர்களுக்கு இருக்கும். சிகரெட் பாதிக்கு வரும்போது அந்த நினைப்பு கரைகிறது. முகம் தன் பாட்டுக்குப் போய்விடுகிறது. ஏரியைப் பார்த்த அதே கண்ணால்தான் முகத்தையும் பார்த்திருக்கிறார். வெளிச்சம், அசைவு, காத்திருப்பு.

அளவுகோலைச் சூரியனிடமே விட்ட படமும் உண்டு. 2017 ஆகஸ்ட் 21 அன்று அமெரிக்காவைக் கடந்த முழு சூரிய கிரகணத்தை ஆரெகனின் ஒரு வயல்வெளியில் 45 நிமிடக் காட்சியாக எடுத்தார். பெயர் 'எல். கோஹென்'. அதற்கு முந்தைய ஆண்டு இறந்த பாடகர் லெனர்ட் கோஹெனின் நினைவில். நாடே சூரியனை அண்ணாந்து பார்த்த அந்த நேரத்தில் பென்னிங்கின் கேமரா சூரியனைப் பார்க்கவில்லை. தட்டையான வயலையும் தொலைவில் ஜெஃபர்சன் மலையையும் பார்த்துக்கொண்டிருந்தது. வெளிச்சம் கொஞ்சம் கொஞ்சமாக வடிவது நமக்குத் தெரியவே தெரியாது, தெரியும்போது இருட்டிவிட்டிருக்கும். ஏறத்தாழ இரண்டு நிமிடம்தான், பிறகு வயல் திரும்புகிறது. பின்னர் கோஹெனின் பாட்டு ஒன்று முழுமையாக ஒலிக்கிறது. இவ்வளவு கறாரான கணக்காளர் நண்பரை இழந்தவர்போல் ஒரு பாட்டைப் போட்டுவிட்டு ஒதுங்கி நிற்பது என்னை வெகுநேரம் பேசவிடாமல் செய்தது.

2022இல் 'தி யுனைட்டட் ஸ்டேட்ஸ் ஆஃப் அமெரிக்கா' என்ற படம் வந்தது. இதே பெயரில் 1975இல் பெட் கோர்டனோடு சேர்ந்து ஒரு படம் எடுத்திருந்தார். காரின் பின்னிருக்கையில் கேமராவைப் பொருத்தி, நியூயார்க்கிலிருந்து லாஸ் ஏஞ்சலிஸ்வரை, முன்கண்ணாடி வழியே நாட்டை ஓடவிட்ட 27 நிமிடப் படம் அது. காரின் ரேடியோ பாட்டையும் செய்தியையும் சொல்லிக்கொண்டே வரும். புதிய படத்தில் கார் இல்லை. ஐம்பது மாநிலங்கள், தலைநகரப் பகுதி, போர்ட்டோ ரிக்கோ என்று 52 இடங்கள் அகரவரிசையில் வருகின்றன. பெயர் ஒன்று, அசையாத காட்சி ஒன்று. அலபாமா என்றால் அலபாமாவாகவே தெரிகிறது. அலாஸ்கா என்றால் அலாஸ்காவாக. கடைசியில்தான் தெரிகிறது, எல்லாமே கலிஃபோர்னியாவில் எடுத்தவை.

பலர் இதைப் பெருந்தொற்றுக் காலத்து விளையாட்டாக எடுத்துக்கொண்டார்கள். நான் இதை எண்பதை எட்டிய ஒருவரின் துணிச்சலாக எடுத்துக்கொள்கிறேன். வாழ்நாள் முழுக்க இடத்துக்கு நேரில் போய், நின்று, பார்த்து எடுப்பதே தன் அறம் என்றிருந்தவர், பெயர்ப்பலகை ஒன்று போதும் நீங்கள் ஓர் இடத்தை நம்பிவிட என்று நம் பார்வையைச் சோதித்திருக்கிறார். கலிஃபோர்னியா என்ற பெயரோடு வரும் ஒரே ஒரு காட்சி மட்டும் பெயருக்கும் நிலத்துக்கும் பொருந்தி வருகிறது. படம் முடிந்ததும் அந்தக் காட்சி எது என்று நினைவுபடுத்திப் பார்த்தேன், வரவில்லை. இரண்டாம் முறை போட்டுப் பார்க்க அதுவே காரணமாயிற்று.